சிவராமின் வாழ்வும் நமது வாழ்க்கை வரலாற்று இலக்கியமும்

ஆண்டுதோறும் ஏப்ரல் மாத இறுதியில் மட்டக்களப்பிலே ஊடகவியலாளர் தர்மரத்தினம் சிவராமின் நினைவுநாள் அனுட்டிக்கப்படுகிறது. படத்துக்கு மாலை சூட்டப்படும், சுடர் ஏற்றப்படும், நீதி கோரும் பேச்சுக்கள் நிகழும். அத்தகைய நாளொன்றின் மறுநாள், எமது உயர்தர வகுப்பு மாணவன் ஒருவன் எழுந்து, "சேர், அவர் எந்த இயக்கம்?" என்று கேட்டான்.

அவர் என்ன எழுதினார் என்றோ, ஏன் கொல்லப்பட்டார் என்றோ அவன் கேட்கவில்லை. அவன்மீது குற்றங்காண்பதற்கில்லை. ஒரு மனிதனை அறிவதற்கு நாம் அவனுக்குக் கற்றுக்கொடுத்திருக்கும் வினா அது ஒன்றுதான். நமது அண்மைக்கால அரசியல் மாந்தரைப் பற்றி எழுதப்படுபவை பெரும்பாலும் இரண்டே வகைக்குள் அடங்கிவிடுகின்றன: ஒன்று துதி, மற்றது வசை. முன்னதில் மனிதன் பிறக்கும்போதே மாமனிதனாகப் பிறக்கிறான். பின்னதில் பிறக்கும்போதே துரோகியாகப் பிறக்கிறான். இரண்டிலும் அவன் வளர்வதில்லை, தவறுவதில்லை, கற்பதுமில்லை. கற்காத மனிதனிடமிருந்து மாணவன் எதைக் கற்பான்?

இவ்வினாவோடு நாம் மீண்டும் எடுத்துப் படித்த நூல், அமெரிக்க மானிடவியலாளர் மார்க் விற்றேக்கர் ஆங்கிலத்தில் எழுதி, லண்டன் புளூட்டோ பதிப்பகம் 2007-இல் வெளியிட்ட சிவராமின் வாழ்க்கை வரலாறாகும். அதன் தலைப்பைத் தமிழிற் கூறின், 'சிவராமிடம் அரசியல் கற்றல்' என்றாகும். அத்தலைப்பிலேயே நூலின் சிறப்பும் அதன் எல்லையும் ஒருங்கே அடங்கியுள்ளன என்பது எமது கருத்து.

நூலாசிரியர் 1980-களின் தொடக்கத்தில், வாவிக்கரைக் கிராமமாகிய மண்டூரின் முருகன் கோயிலைப் பற்றி ஆராய மட்டக்களப்புக்கு வந்தவர். அக்காலத்திலேயே இளைஞராயிருந்த சிவராமுடன் அவருக்கு நட்பு உண்டாயிற்று. அந்நட்பு இருபது ஆண்டுகளுக்கு மேல் நீடித்தது. மேலைநாட்டு ஆய்வாளன் கேட்பவனாகவும், உள்ளூரான் தகவல் கொடுப்பவனாகவும் இருப்பதே குடியேற்றவாதக் காலந்தொட்டு நாம் கண்ட வழக்கம். உள்ளூரான் நெல்லைக் கொடுப்பான். சோறு வேறெங்கோ சமைக்கப்படும். இந்நூலில் அவ்வழக்கம் தலைகீழாகிறது. மட்டக்களப்பு இளைஞன் ஆசிரியனாகிறான், ஆய்வாளன் மாணாக்கனாகிறான். தேசம் என்றால் என்ன, அரசு தன் எதிரிகளை எவ்வாறு பிரித்தாளுகிறது, போருக்கும் பேச்சுவார்த்தைக்கும் உள்ள உறவு யாது என்பன போன்ற வினாக்களுக்குச் சிவராம் தாமே சிந்தித்துக் கூறிய விடைகளை, நூலாசிரியர் ஒரு சிந்தனையாளனின் கருத்துக்களுக்கு உரிய மதிப்புடன் பதிவுசெய்கிறார்.

தமிழிலே இதற்கு முன்மாதிரி இல்லாமலில்லை. உ. வே. சாமிநாதையர் தம் ஆசிரியராகிய மீனாட்சிசுந்தரம் பிள்ளையின் சரித்திரத்தை 1933, 1934-ஆம் ஆண்டுகளில் இரு பாகங்களாக வெளியிட்டார். ஆசிரியர் பாடஞ்சொன்ன முறையையும் பட்ட வறுமையையும் மாணாக்கனின் கண்கொண்டு கண்டெழுதிய நூல் அது. அவ்வகை நூலின் பலம் அண்மை. அதன் பலவீனமும் அதுவே: மாணாக்கன் ஆசிரியனின் முகத்தைத் தெளிவாகக் காண்கிறான், ஆசிரியனின் முதுகுப்புறத்தில் நிற்பவர்களைக் காண்பதில்லை. விற்றேக்கரின் நூலையும் இந்த அளவுகோல் கொண்டே நோக்குதல் தகும்.

சிவராம் 1959 ஓகத்து 11-இல் மட்டக்களப்பிலே பிறந்தார். பாட்டனார் அக்காலத்து அரசாங்க சபையில் அங்கம் வகித்தவர். நிலமும் செல்வாக்கும் மிகுந்திருந்த குடும்பம். பின்னர் அச்செல்வம் சுருங்கிற்று. எமது பகுதியில் பெருநிலக்காரரைப் போடியார் என்போம். போடியார் வீட்டின் முற்றத்திலிருந்து பார்ப்பவனுக்கும், படுவான்கரையில் அவருடைய வயலிலே கூலிக்கு நிற்பவனுக்கும் உலகம் ஒன்றாகத் தெரிவதில்லை. அவ்வகைக் குடும்பத்திற் பிறந்து அதன் வீழ்ச்சியையும் கண்ட இளைஞன், பழம்பெருமையில் ஆறுதல் தேடியிருக்கலாம். சிவராம் புத்தகங்களைத் தேடினார். புனித மிக்கேல் கல்லூரி மாணவரான அவர், மட்டக்களப்பில் இயங்கிய வாசகர் வட்டத்தில் இணைந்தார். நூலாசிரியர் அவ்வட்டத்துக்கு உரிய இடமளித்து எழுதியிருப்பது பெரிதும் பாராட்டத்தக்கது.

பாராட்டுவதற்குக் காரணம் உண்டு. 1981-இல் யாழ்ப்பாண நூலகம் எரிக்கப்பட்டது. ஏறத்தாழ 97,000 நூல்கள் சாம்பராயின. அதே காலப்பகுதியில், மட்டக்களப்பிலே சில இளைஞர் கூடியிருந்து மார்க்சியத்தையும் மெய்யியலையும் படித்து விவாதித்தனர். படித்ததைத் தமக்குள் மறுத்தும் பேசினர். சிவராமின் சொத்து யாதெனில், இந்த மறுத்துப் பேசும் பழக்கமே. பின்னாளில் ஆங்கிலப் பத்திரிகைகளில் அவர் எழுதிய கட்டுரைகளின் கூர்மை பேராதனையிற் பெற்றதன்று. ஆங்கிலம் பயில அங்கு சென்ற அவர் பட்டம் பெறாமலே வெளியேறியவர். ஓர் அரசியல் மனிதனின் உருவாக்கத்தில் பல்கலைக்கழகத்தைவிட ஊர் வாசகசாலை பெரும்பங்கு கொள்ளக்கூடும் என்ற உண்மையை ஆசிரியர்களாகிய நாம் மனங்கொள்ள வேண்டும்.

அடுத்துவருவது இயக்க வாழ்வு. 1980-களின் தொடக்கத்தில் சிவராம் தமிழீழ மக்கள் விடுதலைக் கழகத்தில், அதாவது புளொட்டில், இணைந்தார். தனிச் சிங்களச் சட்டம் வந்த 1956 முதல் 1983 யூலை வரை நடந்தேறியவற்றைக் கண்ட தலைமுறைக்கு, இயக்கம் ஒன்றில் இணைதல் வியப்பான செயலன்று. புளொட் தன்னை இடதுசாரி இயக்கம் என்று கூறிக்கொண்டது. மக்களை அணிதிரட்டல், வர்க்க விடுதலை, சிங்கள உழைப்பாளருடன் ஒற்றுமை ஆகிய சொற்கள் அதன் வெளியீடுகளில் இடம்பெற்றன. அச்சொற்களை நம்பி வாவிக்கரையிலிருந்தும் மலையகத்திலிருந்தும் பலர் சென்றனர்.

ஆனால் அவ்வியக்கத்தின் தமிழ்நாட்டுப் பயிற்சி முகாம்களில் நடந்தது என்ன? மாற்றுக் கருத்துரைத்தோர் சித்திரவதைக்குள்ளாயினர், கொல்லப்பட்டனர். இயக்கத்தின் முன்னணியாளருள் ஒருவராயிருந்து முரண்பட்ட சந்ததியார் 1985-இல் கொலையுண்டார். இயக்கத்தை விட்டு வெளியேறியோர் அதே ஆண்டில், கோவிந்தன் என்ற புனைபெயரில், 'புதியதோர் உலகம்' என்னும் நாவலை வெளியிட்டனர். ஈழத்து நாவல் இலக்கியத்தில் அதற்குத் தனியிடம் உண்டு. அது முகாமின் அடித்தளத்தில் நின்றவனின் சாட்சியம்.

இந்நாவலையும் விற்றேக்கரின் நூலையும் அடுத்தடுத்து வைத்துப் படிக்கும்போதுதான் நமது முக்கிய வினா எழுகிறது. 1985-இலேயே பலர் வெளியேறினர், சிவராம் தங்கினார். தங்கியது மாத்திரமன்று, 1988-இல் அவ்வியக்கத்தின் அரசியற் கட்சியாகிய சனநாயக மக்கள் விடுதலை முன்னணியின் பொதுச் செயலாளராகவும் ஆனார். அவ்வாண்டு நவம்பர் 3-இல், அவ்வியக்கத்தினர் மாலைதீவு அரசைக் கவிழ்க்கக் கூலிப்படையாகச் சென்று தோல்வியுற்ற பின்னரே அவர் விலகிச் செல்லலானார். வாசகர் வட்டத்தில் எதனையும் மறுத்துப் பேசப் பழகிய மனிதன், மறுத்துப் பேசியவர்கள் கொல்லப்பட்ட இடத்தில் எவ்வாறு நிலைத்தான்? உள்ளிருந்தே திருத்தலாம் என்ற நம்பிக்கையா? வெளியேறினால் உயிர் தப்பாது என்ற அச்சமா? இலட்சியத்துக்காக எதனையும் பொறுக்கலாம் என்ற தருக்கமா? இவ்வினாவுக்குச் சிவராமின் வாக்குமூலம் ஒன்று மட்டும் போதாது. வெளியேறியோரின் சாட்சியமும், மகனை இழந்த தாய்மாரின் சாட்சியமும் உடன் வைக்கப்பட்டாலன்றி விடை முழுமையடையாது. நண்பனின் சொல்லை ஆதாரமாகக் கொண்டு எழுதப்பட்ட நூல் என்பதால், இவ்விடத்தில் அதன் ஒளி மங்குகிறது.

இது நமது மண்ணுக்கு மாத்திரம் உரிய அவலமன்று. சிவராம் பிறந்த 1959-ஆம் ஆண்டிலேயே, பிராங்கோவின் சர்வாதிகாரத்தின் கீழ்த் தம் மொழி ஒடுக்கப்படக் கண்ட பாஸ்க் இளைஞர் எட்டா என்னும் இயக்கத்தைத் தொடக்கினர். அதன் சிந்தனையாளருள் ஒருவர் பேர்ட்டூர் என்று அழைக்கப்பட்ட எதுவார்தோ மொரேனோ பெர்கறேச்சே. துப்பாக்கியை அரசியல் வழிநடத்த வேண்டும், அதற்கு மக்கட் கட்சி ஒன்று தேவை என்று வாதிட்ட அவர், 1976 யூலையிற் பிரான்சிலே காணாமற்போனார். உடல் கிடைக்கவில்லை. சொந்த இயக்கத்தின் ஒரு பிரிவா, ஸ்பானிய வலதுசாரிக் கொலைஞரா என்ற வாதம் தீரவில்லை. அவ்வியக்கத்தின் முன்னணியிலிருந்து விலகி ஊர் திரும்பிய யோயெஸ் என்ற பெண்ணை, 1986 செப்ரெம்பரில், அவருடைய சிறுமகனின் கண்ணெதிரே எட்டா சுட்டுக் கொன்றது. மூன்றாண்டுகளின் பின், 1989 செப்ரெம்பரில், யாழ்ப்பாணத்தில் ராஜினி திராணகம கொல்லப்பட்டதை இதனோடு சேர்த்து நினையாதிருக்க இயலுமா? ஒடுக்கப்பட்ட தேசத்தின் நியாயம் பெரிது. ஆயின் அந்நியாயம் விமர்சனத்தைப் பகையென்று கருதத் தொடங்கியதும், முதலிற் பலியாவோர் அதன் சொந்தச் சிந்தனையாளரே.

சிவராமின் மூன்றாவது வாழ்வு பத்திரிகை வாழ்வு. 1990 பெப்ரவரியிற் கடத்திக் கொல்லப்பட்ட சிங்கள ஊடகவியலாளர் றிச்சர்ட் த சொய்சாவின் நட்பு அவரை இத்துறைக்குள் இட்டுவந்தது. 'தராக்கி' என்ற புனைபெயரில், கொழும்பின் 'த ஐலண்ட்' பத்திரிகையில் அவர் எழுதத் தொடங்கினார். போரைப் பற்றி இரு தரப்பும் பெருமை பேசிக்கொண்டிருந்த நாளில், களத்தின் நிலவியல், படைகளின் வலு, வழங்கற்பாதைகள் என்பவற்றைக் கணக்கெடுத்து அவர் எழுதிய கட்டுரைகளைப் படையதிகாரிகளும் இராசதந்திரிகளும் படித்தனர்.

அதனினும் பெரிய பணி தமிழ்நெற் இணையத்தளத்தை வளர்த்தெடுத்தமை. 1997-இல் தொடங்கப்பட்ட அத்தளத்தை, வடக்கு கிழக்கின் ஊர்களில் வாழும் செய்தியாளரின் வலைப்பின்னலாக அவர் மாற்றியமைத்தார். கொழும்பிலிருந்து அறிக்கையாக வந்ததே அதுவரை உலகுக்குச் செய்தியாயிருந்தது. இப்போது கொக்கட்டிச்சோலையில் நடந்தது கொக்கட்டிச்சோலையிலிருந்தே செய்தியாயிற்று. அடைமொழிகளைக் குறைத்து, இடமும் நேரமும் எண்ணும் பெயரும் குறித்து எழுதும் வறண்ட நடையை அத்தளம் கைக்கொண்டது. உணர்ச்சிச் சொற்களில் திளைத்திருந்த நமது பத்திரிகைத் தமிழுக்கு அந்த வறட்சி ஒரு நல்ல மருந்து. ஓர் ஊரின் துயரத்தை உலகம் நம்பவேண்டுமாயின், அழுகையைவிடத் துல்லியம் பயன்தரும் என்பதை அவர் உணர்ந்திருந்தார்.

இனி அவருடைய சிந்தனையை நோக்குவோம். 1992-இல் 'லங்கா கார்டியன்' இதழில், தமிழரின் போர்மரபு பற்றி அவர் ஒரு கட்டுரைத் தொடர் எழுதினார். மறவர், கள்ளர் முதலிய போர்த்தொழிற் சாதியினரின் வரலாறு, பிரித்தானியர் அவர்களை ஒடுக்கிய முறை, அவ்வீர நினைவு தமிழ் மறுமலர்ச்சியினூடாகத் தேசியவாதத்துட் புகுந்த வழி என்பவற்றை அது ஆராய்கிறது. ஆய்வுத்திறன் மறுக்கவொண்ணாதது. எனினும் ஒரு குறையைச் சுட்டாதிருக்க முடியாது. தேசத்தின் கருவை வாளேந்தியவனிடத்தில் தேடும்போது, ஏரேந்தியவனும் வலை வீசியவனும் பின்னணிக்குத் தள்ளப்படுகின்றனர். வீரயுகத்தின் பாடல்களைப் பேராசிரியர் கைலாசபதி ஆராய்ந்தபோது, அவ்வீரத்தைத் தோற்றுவித்த சமுதாய அமைப்பையும் உடன் ஆராய்ந்தார். சிவராமின் தொடரில் வீரம் பெரிதும் தெரிகிறது, விளைச்சல் தெரிவதில்லை.

இக்குறையே அவரது அரசியற் கோட்பாட்டிலும் வெளிப்படுகிறது. இலங்கை அரசு நியாயத்துக்குச் செவிசாய்ப்பதில்லை, படைவலுச் சமநிலைக்கே செவிசாய்க்கும் என்பது அவர் இடைவிடாது வலியுறுத்திய கருத்து. 2000 ஏப்ரலில் ஆனையிறவு வீழ்ந்ததையும், 2002 பெப்ரவரியிற் போர்நிறுத்த உடன்படிக்கை கைச்சாத்தானதையும் கண்டவர்களுக்கு இக்கருத்து முற்றிலும் சரியெனவே தோன்றியிருக்கும். ஆனால் சமநிலை என்பது தராசு. தராசின் ஒரு தட்டில் எவ்வளவு வைத்தாலும், மறுதட்டில் அதைவிட வைக்க உலக வல்லரசுகளின் துணைகொண்ட அரசால் இயலும். 2009 மே மாதத்தில் முள்ளிவாய்க்காலில் நாம் கண்டது அதுவே. அவர் காணாது இறந்ததொன்றைக் கொண்டு அவருக்குத் தண்டனை விதித்தல் நேர்மையன்று. எனினும் அவரது கோட்பாட்டை இன்று படிக்கும் மாணவன், அதன் பிழையைக் கண்டறியாது விடுதலும் நேர்மையன்று.

தராசில் வைக்கப்படாத எடைகளும் உண்டு. 1990 ஓகத்து 3-இல் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுகையிலிருந்த நூற்றுக்கும் மேற்பட்ட முஸ்லிம்களை விடுதலைப் புலிகள் கொன்றனர். அடுத்த மாதம் 9-ஆந் திகதி சத்துருக்கொண்டானில், பெண்கள் குழந்தைகள் உட்பட நூற்றுக்கும் மேற்பட்ட தமிழரைப் படையினர் கொன்றனர். இரண்டு இடங்களும் ஒரே வாவியின் கரையில் உள்ளன. படைவலுக் கணக்கில் முதலாவது ஒரு சம்பவம். இரண்டாவது மற்றொரு சம்பவம். எழுவான்கரையில் அண்டையயலாய் வாழ்ந்த இரு மக்களின் கணக்கிலோ, அவை இன்றுவரை ஆறாத ஒரே புண். தேசம் என்றால் என்ன என்று ஆழ்ந்து சிந்தித்த ஒருவர், அத்தேசத்தின் எல்லைக்குள் அண்டை வீட்டு முஸ்லிமின் இடம் யாது என்ற வினாவை, மட்டக்களப்பானாகிய காரணத்தால், ஏனையோரினும் கூர்மையாக எழுப்பியிருக்க வேண்டும் என்று எதிர்பார்க்க நமக்கு உரிமையுண்டு.

2004 மார்ச்சில் கருணா பிரிந்தபோதும் இதே நிலை. கிழக்குத் தனித்தால் இரு பகுதியும் வலுவிழக்கும் என்று கூறிச் சிவராம் அப்பிளவை வெளிப்படையாக எதிர்த்தார். பிறந்த ஊரின் பெருமை பேசிக் கைதட்டல் பெறுவது எளிதாயிருந்த வேளையில், அவர் அதனைச் செய்யவில்லை. அதனால் ஏற்பட்ட பகையையும் அவர் அறிந்திருந்தார். அந்த நெஞ்சுரம் போற்றத்தக்கது. அவரது எச்சரிக்கையும் பலித்தது: 2007 யூலைக்குள் கிழக்கு முழுவதும் அரசபடையின் வசமாயிற்று. ஆயினும், வெருகற் கரையில் 2004 ஏப்ரலில் நேற்றைய தோழர்கள் ஒருவரையொருவர் சுட்டுக்கொண்ட நிலைக்குக் காரணம் ஒரு தளபதியின் பேராசை மட்டுந்தானா? கிழக்கின் ஏழைக் குடிகளின் உள்ளத்தில் நெடுநாளாய்க் கிடந்த புறக்கணிப்புணர்வை அவன் பயன்படுத்தினான் என்றால், அவ்வுணர்வை முன்பே பேசித் தீர்க்காதவர் யார்? இவ்வினாவையும் வாழ்க்கை வரலாறு கேட்டாக வேண்டும்.

2004 மே 31-இல் மட்டக்களப்பு நகரிலே ஊடகவியலாளர் ஐயாத்துரை நடேசன் சுட்டுக் கொல்லப்பட்டார். அடுத்த ஆண்டு ஏப்ரல் 28 இரவு, கொழும்பு பம்பலப்பிட்டியில், பொலிஸ் நிலையத்துக்கு எதிரே சிவராம் கடத்தப்பட்டார். மறுநாள் நாடாளுமன்றத்துக்கு அண்மையில் அவரது உடல் கிடந்தது. அப்போது வயது 45. அவ்விரவு அவருடன் அமர்ந்து உரையாடியவர்களுள் சிங்களத் தோழர்களும் இருந்தனர் என்ற செய்தியை நமது நினைவுரைகள் அடிக்கடி மறந்துவிடுகின்றன. தமிழ்த் தேசியத்தை விட்டுக்கொடாமலே சிங்கள நண்பர்களோடு வாதிடவும் உண்ணவும் சிரிக்கவும் தெரிந்த மனிதர் அவர். விடுதலைப் புலிகள் அவருக்கு மாமனிதர் என்ற பட்டத்தை வழங்கினர். தெற்கின் இனவாதிகள் அவரைப் பயங்கரவாதி என்றனர். இருபது ஆண்டுகள் கடந்தும் இக்கொலைக்காக எவரும் நீதிமன்றத்தாற் குற்றவாளியெனத் தீர்க்கப்படவில்லை. பட்டமும் பழிச்சொல்லும் விரைந்து கிடைத்தன, நீதி கிடைக்கவில்லை.

விற்றேக்கரின் நூல் குறைகளையும் மீறி நம் நன்றிக்குரியது. தம் நட்பை மறைக்காது முன்வைத்த நேர்மையும், மட்டக்களப்பு மனிதன் ஒருவனின் சிந்தனையை உலக அறிவாளரின் சிந்தனைக்குச் சமமாக நடத்திய மதிப்பும் அதற்கு உண்டு. அது நண்பன் எழுதவேண்டிய நூல்; எழுதிவிட்டான். நாம் எழுதவேண்டிய நூல் எஞ்சியுள்ளது. அந்நூலில் வாசகர் வட்டத் தோழர்களும், புளொட்டை விட்டு ஓடியவர்களும், காத்தான்குடி அண்டையயலாரும், படுவான்கரையில் பிள்ளையை இழந்த தாயும் பேச வேண்டும். அவர்களுள் பலர் இன்னும் வாழ்கின்றனர். ஆண்டுதோறும் சிலர் மறைகின்றனர். காலம் நமக்காகக் காத்திராது.

ஆசிரியர்க்கும் மாணவர்க்கும் ஒரு வேண்டுகோள். நினைவுநாளன்று சுடர் ஏற்றுவோம், நீதி கேட்போம். மறுநாள் அவருடைய கட்டுரை ஒன்றை வகுப்பில் வைத்துப் படிப்போம். அதனை ஏற்பவனும் மறுப்பவனும் அச்சமின்றிப் பேசட்டும். சிவராமை உருவாக்கியது ஒரு வாசகர் வட்டமாயின், அவருக்குச் செய்யத்தக்க நினைவுச்சின்னமும் வாசகர் வட்டமே. ஒவ்வொரு பாடசாலையிலும் ஒன்றை அமைக்க ஒரு மேசையும் பத்து நூல்களும் போதும்.

அம்மாணவனுக்கு நாம் விடையளிக்காமல் விடவில்லை. அவர் எந்த இயக்கத்தில் இருந்தார், எப்போது விலகினார், பின்னர் யாரை ஆதரித்தார் என்பதை மறைக்காது கூறினோம். பின்னர், "இனி நீ வேறு மூன்று கேள்வி கேட்க வேண்டும்: அவர் எதைப் படித்தார்? யாரோடு வாதிட்டார்? எங்கே பேசாமலிருந்தார்?" என்றோம். அவன் அவற்றைக் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டான். சற்றுப் பொறுத்து, "மூன்றாவதுக்கு விடை எந்தப் புத்தகத்தில இருக்கு, சேர்?" என்று கேட்டான்.